அடுப்பும் கத்தியும்

எங்கள் குசினியில் இரண்டு பொருட்களுக்குத்தான் மரியாதை. ஒன்று அடுப்பு, மற்றது கத்தி. கோப்பை கழுவ வந்தவன் அடுப்படிக்குப் போக இரண்டு வருடம் செல்லும். தலைமைச் சமையற்காரரின் கத்தியைத் தொட அதற்கும் மேலே செல்லும். இந்த இரண்டு பொருட்களையும் பற்றி ஏறத்தாழ ஆயிரத்தைந்நூறு வருடங்களுக்கு முந்திய புத்தகமொன்றில் இரண்டு வாக்குவாதங்கள் இருக்கின்றன. அந்த வாக்குவாதங்களின் முடிவில் ஆட்கள் செத்துப்போனார்கள். இதை நாங்கள் அறிந்துகொண்டது பாரிஸ் நகரின் மரே பகுதியில், மதிய வேலைக்கும் இரவு வேலைக்கும் இடையிலுள்ள வெறும் நேரத்தில்.

நாங்கள் என்பது ஒரே அறையில் இருந்துகொண்டு ஒரே றெஸ்ரோறன்றில் வேலை செய்யும் மூன்று பேர். எல்லோரும் முப்பதுகளில் இருக்கிறோம். எங்களில் ஒருவர் ஊரில் பல்கலைக்கழகத்தில் மெய்யியல் படித்து, மூன்றாம் வருடத்துடன் அதை விட்டுவிட்டு வந்தவர். எழுதுகிற கை அவருடையது. கதைத்தது மூன்று பேரும். முன்பு நாங்கள் நான்கு பேராக இருந்தோம். அதைப் பிறகு சொல்கிறோம்.

பின்னேரம் மூன்று மணிக்குப் பிறகு மூலை மேசையில் இரண்டு கிழவர்கள் வந்து இருப்பார்கள். யூதர்கள். எங்களிடம் சாப்பிடமாட்டார்கள், அவர்களுடைய உணவு விதிக்கு எங்கள் குசினி ஒத்துவராது. கண்ணாடிக் கிளாசில் பால் விடாத தேநீர் மட்டும் குடிப்பார்கள். பெரிய புத்தகம் ஒன்றை மேசையில் விரித்து வைத்துக்கொண்டு சண்டை பிடிப்பார்கள். முதல் நாள் நாங்கள் கைகலப்பு வரப்போகிறது என்று நினைத்து வெளியே ஓடிவந்தோம். மேசையைத் தட்டி, விரலை நீட்டி, ஒருவர் முகத்துக்கு நேரே மற்றவர் கத்திக்கொண்டிருந்தார்கள். ஐந்து மணியானதும் புத்தகத்தை மூடி, ஒருவர் மற்றவருக்குக் கோட்டைப் பிடித்துப் போட உதவி செய்து, கைகோர்த்தபடி போனார்கள். மறுநாளும் அப்படியே.

சில மாதங்கள் கழித்து, என்ன சண்டை என்று கேட்டோம். ஒரு அடுப்பைப் பற்றி என்றார்கள். நாங்கள் சிரித்துவிட்டோம். அவர்கள் சிரிக்கவில்லை. கதிரையை இழுத்துப் போட்டு இருக்கச் சொன்னார்கள். எங்கள் படிப்பு அங்கே தொடங்கியது. பிறகு கைத்தொலைபேசியிலேயே ஆங்கில மொழிபெயர்ப்பு இலவசமாகக் கிடைக்கிறது என்று கண்டோம். மெத்ரோவில் போகும்போதும் வரும்போதும் வாசித்தோம். எங்களுக்கு எபிரேயமும் தெரியாது, அரமேயமும் தெரியாது. வாசலில் நின்று எட்டிப் பார்த்தவர்கள் சொல்வதாகவே இதை எடுத்துக்கொள்ளுங்கள்.

*

கி.பி. 70 இல் உரோமப் படைகள் ஜெருசலேம் ஆலயத்தை அழித்தன. பலி கொடுக்க இடமில்லை, பூசகருக்கு வேலையில்லை. ஒரு மதத்தின் நடுத்தூண் விழுந்துவிட்டது. முற்றுகைக்குள் இருந்த யோகனான் பென் சக்காய் என்ற ஆசானை அவருடைய சீடர்கள் பிணம்போல் பெட்டியில் கிடத்தி வெளியே கொண்டுவந்தார்கள் என்றும், அவர் உரோமத் தளபதி வெஸ்பாசியனிடம் யவ்னே என்ற ஊரையும் அங்குள்ள அறிஞர்களையும் தனக்கு விட்டுத்தரும்படி கேட்டார் என்றும் தல்மூத் சொல்கிறது. இதில் சரித்திரம் எவ்வளவு, கதை எவ்வளவு என்பது வேறு விடயம். எங்களுக்கு முக்கியமாகப் பட்டது வேறொன்று. நகரத்தையே காப்பாற்றித் தரும்படி கேட்டிருக்கவேண்டாமா என்று அவரைக் குறை சொல்லும் குரலையும் அதே இடத்தில் எழுதி வைத்திருக்கிறார்கள். தங்களைக் காப்பாற்றிய மனிதரையும் கேள்வி கேட்காமல் விடவில்லை.

யவ்னேயிலும் பின்னர் கலிலேயாவிலும் நடந்த வாதங்கள் வாய்மொழியாக வந்தன. கி.பி. 200 அளவில் ரபி யெஹூதா என்பவர் அவற்றை ஆறு பிரிவுகளாகத் தொகுத்தார். அது மிஷ்னா. ரபி என்றால் 'என் ஆசான்' என்று பொருள். அதன் மேல் பலஸ்தீனத்திலும் பாபிலோனிலும் இரண்டு கல்வி மரபுகள் தலைமுறை தலைமுறையாக விவாதித்தன. இன்றைய ஈராக்கில் சூரா, பும்பெதித்தா போன்ற இடங்களில் இருந்த கல்விக்கூடங்களில் வளர்ந்து, ஆறாம் நூற்றாண்டளவில் உருப்பெற்றதுதான் பாபிலோனியத் தல்மூத். இன்றைய அச்சில் 2,711 தாள்கள். ஒரு நாளைக்கு ஒரு தாள் என்று உலகெங்கும் சேர்ந்து படிக்கும் வழக்கத்தை 1923 இல் போலந்தைச் சேர்ந்த ரபி மெயிர் ஷப்பிரோ தொடங்கினார். முடிக்க ஏழரை வருடம் செல்லும். பதினான்காவது சுற்று 2020 ஜனவரியில் தொடங்கியது.

அந்தப் பக்கத்தை ஒருமுறை பார்த்தவர்கள் மறக்கமாட்டார்கள். நடுவில் பழைய வாதம். உட்பக்கத்து ஓரத்தில் ராஷியின் உரை. ராஷி பிரான்சின் துறுவா நகரத்தவர், 1105 இல் இறந்தார். வெளிப்பக்கத்து ஓரத்தில் அவருக்குப் பின் வந்தவர்களின் குறிப்புகள். அந்தப் பின்வந்தவர்களில் முக்கியமானவர்கள் ராஷியின் சொந்தப் பேரப்பிள்ளைகள். தாத்தா சொன்னது இந்த இடத்தில் பொருந்தாது என்று அடிக்கடி எழுதுகிறார்கள். தாத்தாவின் உரையையும் எடுக்கவில்லை, பேரனின் மறுப்பையும் எடுக்கவில்லை. இரண்டையும் ஒரே தாளில், நடுவிலுள்ள வாதத்துக்கு இரு பக்கமும் காவல் நிற்பதுபோல அச்சடித்தார்கள். முழுத் தல்மூத்தையும் 1520க்கும் 1523க்கும் இடையில் வெனிசில் முதன்முதலாக அச்சிட்ட டானியல் பொம்பேர்க் ஒரு கிறிஸ்தவர். பக்கத்தின் அந்த அமைப்பு இன்றுவரை மாறவில்லை. ஒவ்வொரு நூலும் இரண்டாம் தாளில்தான் தொடங்கும். முதலாம் தாள் என்று ஒன்று இல்லை. எவ்வளவு படித்தாலும் முதற்பக்கத்தை நீ இன்னும் படிக்கவில்லை என்பதற்காக என்று கிழவர்களில் ஒருவர் சொன்னார். தலைப்புத் தாளை முதலாவதாக எண்ணியதால்தான் என்று மற்றவர் சொன்னார். அதற்கும் சண்டை.

*

எங்கள் றெஸ்ரோறன்றிலிருந்து நடந்துபோகும் தூரத்தில் மாநகரசபைக் கட்டிடத்தின் முன்னால் ஒரு பெரிய சதுக்கம் இருக்கிறது. குளிர்காலத்தில் பனிச்சறுக்கு விளையாட இடம் போட்டிருக்கிறார்கள். அகதிகளின் ஊர்வலங்களும் அங்கே வந்து முடிந்திருக்கின்றன. பழைய பெயர் பிளாஸ் து கிறேவ். 1240 இல் ஒன்பதாம் லூயி மன்னனின் அரசவையில் தல்மூத்தைக் குற்றவாளியாக நிறுத்தி விசாரணை நடந்தது. பாரிஸ் ரபி யெகியேல் பதில் சொன்னார். 1242 இல் அந்தச் சதுக்கத்தில் தல்மூத் ஏடுகள் எரிக்கப்பட்டன. இருபத்துநான்கு வண்டில்கள் என்று மரபு சொல்கிறது. அச்சு இல்லாத காலம்; ஒவ்வொரு ஏடும் ஒருவருடைய கைவருடங்கள். அந்த நெருப்பைப் பற்றி ரோதன்பேர்க்கைச் சேர்ந்த ரபி மெயிர் பாடிய ஒப்பாரியை, ஆலயம் அழிந்த துக்க நாளில் இன்றும் ஐரோப்பிய யூத மரபில் பாடுகிறார்கள்.

இதைக் கேட்டபோது எங்கள் மனம் எங்கே போனது என்று வாசகர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. 1981 மே 31 இரவு தொடங்கிய நெருப்பும், யாழ்ப்பாணப் பொதுநூலகத்தின் ஏறத்தாழ 97,000 நூல்களும் எங்கள் எல்லோருக்கும் மனப்பாடம். நாங்கள் அப்போது பிறந்திருக்கவில்லை. ஆனாலும் எரிந்தது எங்கள் ஞாபகத்தில் இருக்கிறது. அதைக் கிழவர்களுக்குச் சொன்னோம். அவர்கள் தலையாட்டிக் கேட்டார்கள். பிறகு ஒருவர் கேட்டார்: எரித்தவன் யார் என்பதை நீங்கள் வடிவாகச் சொல்கிறீர்கள், எங்கள் சதுக்கத்து நெருப்புக்கு முதற்குச்சி எடுத்துக்கொடுத்தது யார் தெரியுமா?

நிக்கொலா டொனின். கிறிஸ்தவராக மாறிய யூதர். தல்மூத்தின் மீதான குற்றப்பட்டியலைப் பாப்பரசர் ஒன்பதாம் கிரகோரியிடம் கொண்டுபோனவர் அவர். மதம் மாறுவதற்குப் பல வருடங்கள் முன்பே, வாய்மொழி மரபை மறுத்தார் என்பதற்காகப் பாரிஸ் யூத சமூகம் அவரை விலக்கி வைத்திருந்தது என்றும், விலக்கியவர் அதே ரபி யெகியேல்தான் என்றும் கூறப்படுகிறது. விலக்கியதால் அவர் செய்தது நியாயமாகிவிடாது என்றார் கிழவர். ஆனால் விலக்கி வைத்த வருடங்களில் அவருடன் யாராவது தேநீர் குடித்தார்களா என்று எனக்குத் தெரியவில்லை என்றும் சொன்னார்.

அன்று இரவு நாங்கள் வேலையில் அதிகம் கதைக்கவில்லை. எங்களுடைய நாலாவது ஆள் எங்கள் மூவருக்கும் நினைவு வந்துவிட்டார்.

*

இப்போது அடுப்பு. களிமண் அடுப்பொன்றை வளையம் வளையமாக வெட்டி, இடையிடையே மணல் வைத்து அடுக்கியிருக்கிறார்கள். இது முழு அடுப்பா, உடைந்த துண்டுகளா? முழு அடுப்பு என்றால் தீட்டுப்படும். துண்டுகள் என்றால் தீட்டில்லை. தீட்டில்லை என்றார் ரபி எலியேசர். தீட்டுண்டு என்றார்கள் மற்ற எல்லோரும். எலியேசர் அந்தக் காலத்தின் மிகப் பெரிய அறிவாளிகளில் ஒருவர். உலகத்திலுள்ள அத்தனை நியாயங்களையும் அன்று எடுத்து வைத்தார் என்கிறது தல்மூத். யாரும் ஏற்கவில்லை. தன் பக்கம் சரியென்றால் கரோப் மரம் சாட்சி சொல்லட்டும் என்றார்; மரம் வேரோடு நூறு முழம் நகர்ந்தது. மரத்தை வைத்து நியாயம் நிறுவமுடியாது என்றார்கள். வாய்க்கால் பின்னோக்கி ஓடியது. வாய்க்காலும் சாட்சியில்லை. கல்விக்கூடத்துச் சுவர்கள் சரியத் தொடங்கின. ரபி யோசுவா எழுந்து, அறிஞர்கள் வாதாடும்போது உங்களுக்கென்ன வேலை என்று சுவர்களை ஏசினார். யோசுவாவுக்கு மரியாதையாகச் சுவர்கள் விழவில்லை; எலியேசருக்கு மரியாதையாக நிமிரவும் இல்லை. கடைசியில் வானத்திலிருந்து ஒரு குரல் எலியேசர் சொல்வதே சரி என்றது. யோசுவா அதற்கும் மசியவில்லை. சட்டம் மனிதர் கையில் கொடுக்கப்பட்டுவிட்டது, இனி வானத்துக்கு அதில் வாக்கில்லை, பெரும்பான்மையே முடிவு செய்யும் என்றார். அந்த நேரம் கடவுள் என்ன செய்தார் என்று பின்னொருநாள் ஒருவர் எலியா தீர்க்கதரிசியிடம் கேட்டாராம். பிள்ளைகள் தன்னை வென்றுவிட்டார்கள் என்று சிரித்தார் என்பது பதில்.

இவ்வளவையும்தான் பலரும் எடுத்துச் சொல்வார்கள். எங்களில் மெய்யியல் படித்தவருக்கும் இதுதான் முதலில் பிடித்தது. வானத்தையே எதிர்த்து வாக்கெடுக்கும் மனிதர்கள்! ஆனால் கதை அங்கே முடியவில்லை. கிழவர்கள் எங்களை அடுத்த வரிக்கு இழுத்துக்கொண்டு போனார்கள்.

அன்றைக்கே, எலியேசர் சுத்தம் என்று தீர்த்திருந்த பொருட்களையெல்லாம் கொண்டுவந்து எரித்தார்கள். வாக்கெடுத்து அவரையும் விலக்கி வைத்தார்கள். யார் போய்ச் சொல்வது? நான் போகிறேன், தகுதியில்லாத ஒருவன் போய்ச் சொன்னால் உலகமே அழிந்துவிடும் என்றார் எலியேசரின் மாணவரான ரபி அக்கிவா. கறுப்பு உடுத்து, கறுப்புப் போர்த்து, எலியேசருக்கு நாலு முழம் தள்ளி நிலத்தில் இருந்தார். என்ன இன்றைக்கு இப்படி என்று ஆசான் கேட்டார். தோழர்கள் உங்களிடமிருந்து விலகிப் போகிறார்கள் போல எனக்குப் படுகிறது என்ற அளவில் அக்கிவா சொன்னார். எலியேசர் உடையைக் கிழித்து, செருப்பைக் கழற்றி, நிலத்தில் இருந்தார். அழுதார். அன்று ஒலிவில் மூன்றிலொரு பங்கும், கோதுமையில் மூன்றிலொரு பங்கும், பார்லியில் மூன்றிலொரு பங்கும் பாழாயின. பெண்கள் கையில் குழைத்துக்கொண்டிருந்த மா கூடக் கெட்டது என்று சிலர் சொன்னார்களாம்.

விலக்கத்துக்குத் தலைமை தாங்கிய ரபன் கமாலியேல் அப்போது கப்பலில் இருந்தார். அலை எழுந்து மூழ்கடிக்க வந்தது. இது எலியேசரின் காரணமாகத்தான் என்று அவருக்கு விளங்கியது. எழுந்து நின்று கடவுளிடம் முறையிட்டார்: இதை என் பெருமைக்காகவோ என் குடும்பப் பெருமைக்காகவோ செய்யவில்லை, சனத்துக்குள் பிளவு பெருகக்கூடாது என்பதற்காகவே செய்தேன். கடல் அடங்கியது.

இந்த இடத்தில் நாங்கள் நெடுநேரம் நின்றோம். ஏனென்றால் கமாலியேல் சொன்ன நியாயம் எங்களுக்குப் பழக்கமான நியாயம். நாடு எரிந்து கிடக்கிறது, சனம் சிதறிக் கிடக்கிறது, இந்த நேரத்தில் ஆளுக்கொரு கதை கதைத்தால் என்னாவது? இது பொய்யான நியாயம் என்று தல்மூத் சொல்லவில்லை. கடல் அதை ஏற்றுக்கொண்டது. ஆனால் கதை அங்கேயும் முடியவில்லை.

எலியேசரின் மனைவி இமா ஷாலோம், கமாலியேலின் சகோதரி. அன்றிலிருந்து அவள் தன் கணவனை முகம் குப்புற விழுந்து மன்றாட விடுவதில்லை. அந்த மன்றாட்டுப் போனால் தன் சகோதரன் மிஞ்சமாட்டான் என்று அவளுக்குத் தெரியும். ஒருநாள் வாசலில் பிச்சைக்காரன் வந்தான், அவள் பாண் எடுத்துக் கொடுக்கப் போனாள் என்று ஒரு பாடம் சொல்கிறது. திரும்பி வந்தபோது கணவன் குப்புற விழுந்து கிடந்தார். எழும்பு, என் சகோதரனைக் கொன்றுவிட்டாய் என்றாள். அதே நேரத்தில் கமாலியேலின் வீட்டிலிருந்து சாவுச் செய்தி வந்தது. உனக்கு எப்படித் தெரியும் என்று கணவன் கேட்டார். எல்லாக் கதவும் பூட்டப்படலாம், சொல்லால் புண்பட்டவனின் கதவு மட்டும் பூட்டப்படுவதில்லை என்று தன் பாட்டன் வீட்டு மரபு என்றாள்.

இந்தக் கதை எங்கே வைக்கப்பட்டிருக்கிறது என்பதைக் கவனியுங்கள். தீட்டு, அடுப்பு, சட்டி பற்றிய பகுதியில் அல்ல. பெரும்பான்மையின் அதிகாரம் பற்றிய பகுதியிலும் அல்ல. வியாபாரத்தில் ஒருவரை ஏமாற்றுவதைப் பற்றிய விதிகளுக்குப் பக்கத்தில், சொல்லால் ஒருவரைப் புண்படுத்துவது பற்றிய விதிக்குக் கீழே வைத்திருக்கிறார்கள். தொகுத்தவர்கள் வென்ற பக்கத்தின் வாரிசுகள். அடுப்பு தீட்டு என்பதுதான் அவர்களுக்கும் சட்டம். தீர்ப்பில் அவர்கள் எலியேசருக்கு ஒரு அங்குலமும் விட்டுக்கொடுக்கவில்லை. ஆனால் தீர்ப்பு சரியாக இருந்தாலும், தோற்றவனுக்குச் செய்தது பாவம் என்று தங்கள் புத்தகத்திலேயே தங்களுக்கு எதிராக எழுதிவைத்தார்கள்.

*

கத்திக் கதை இன்னும் சின்னது. ரெஷ் லாகிஷ் முன்பு கொள்ளைக்காரனாக இருந்தவர். ரபி யோகனான் அவரைக் கல்விக்குக் கொண்டுவந்து, தன் சகோதரியையும் மணம் முடித்துக் கொடுத்து, தனக்குச் சமமான அறிஞராக்கினார். ஒருநாள் வாதம்: வாள், கத்தி, ஈட்டி போன்றவை எந்தக் கட்டத்தில் முழுமையான பொருளாகின்றன? உலையில் வைத்து எடுத்தபோது என்றார் யோகனான். தண்ணீரில் தோய்த்து மினுக்கியபோது என்றார் ரெஷ் லாகிஷ். கொள்ளைக்காரனுக்குத் தன் தொழிற் சாமான் தெரியாமலா இருக்கும் என்று யோகனான் சொல்லிவிட்டார். ஒரு வசனம். விவாதத்தில் பதில் சொல்லாமல் ஆளின் பழையதை எடுத்தது அந்த வசனம். ரெஷ் லாகிஷ் நொந்து, நோயில் விழுந்து, இறந்துபோனார்.

யோகனானுக்குத் துணையாக எலாசர் பென் பெதாத் என்ற கூர்மையான இளைஞரை அனுப்பினார்கள். யோகனான் எதைச் சொன்னாலும், அதற்கு ஆதாரம் உண்டு என்று அவர் எடுத்துக் கொடுப்பார். யோகனான் வெறுத்துப்போனார். ரெஷ் லாகிஷ் என்றால் நான் சொல்லும் ஒவ்வொன்றுக்கும் இருபத்துநான்கு மறுப்புச் சொல்வான், நான் இருபத்துநான்கு பதில் சொல்வேன், விடயம் தானாக விரிந்துவிடும். நான் சொல்வது சரியென்று எனக்குத் தெரியாதா, அதைச் சொல்ல நீ எதற்கு என்ற பொருளில் புலம்பினார். உடையைக் கிழித்துக்கொண்டு, தோழனின் பெயரைச் சொல்லி அழுதுகொண்டு திரிந்து, சித்தம் கலங்கி இறந்தார்.

அடுப்புக் கதை தோற்றவனின் துன்பத்தைச் சொல்கிறது. கத்திக் கதை வென்றவனின் வறுமையைச் சொல்கிறது. மறுப்பவனை இழந்தவனிடம் மிஞ்சுவது தன் குரலின் எதிரொலி. தலையாட்டுகிறவர்கள் நிறைந்த மண்டபங்களை நாங்கள் அறிவோம். அங்கே ஏன் முப்பது வருடமாக ஒரே பேச்சைக் கேட்கிறோம் என்பதும் இப்போது விளங்குகிறது.

*

எங்கள் அறைக்குள்ளேயே இதற்கு மறுப்பு வந்தது. அதையும் எழுதுவதுதான் முறை.

முதலாவது மறுப்பு: இவர்கள் மட்டும் என்ன தேவதூதர்களா? இல்லை. ஷம்மாயின் சீடர்கள் ஹில்லேலின் சீடர்களைக் கொன்ற ஒரு கொடிய நாளைப் பற்றி ஜெருசலேம் தல்மூத் சொல்கிறது. 1656 இல் அம்ஸ்ரடாம் யூத சமூகம் இருபத்துமூன்று வயது ஸ்பினோசாவை விலக்கியது. யாரும் அவருடன் கதைக்கக்கூடாது, ஒரே கூரையின் கீழ் இருக்கக்கூடாது என்று விதித்தது. தல்மூத்தைக் கரைத்துக் குடித்தவர்கள் அந்தச் சபையிலும் இருந்தார்கள். பெண்களைப் பெரும்பாலும் அந்தப் படிப்புக்கு வெளியே வைத்தார்கள். 2020 ஜனவரியில் ஜெருசலேமில் ஆயிரக்கணக்கான பெண்கள் கூடி, பெண்கள் முழுத் தல்மூத்தையும் படித்து முடித்ததைக் கொண்டாடியது அண்மைக்காலத்து மாற்றம். புத்தகம் மனிதரைத் திருத்திவிடும் என்று நாங்கள் சொல்லவரவில்லை.

இரண்டாவது மறுப்பு: 2023 இல் தொடங்கிய காசா யுத்தத்தில் குழந்தைகள் செத்ததைப் பார்த்துக்கொண்டே, யூதரிடம் படிக்கப் போகிறீர்களா? இதைக் கேட்டவர் எங்களில் இளையவர். அவருக்கு முள்ளிவாய்க்கால் பத்தொன்பது வயதில். நாங்கள் சொன்னது இது: ஒரு அரசு செய்வதற்கு, அந்த அரசுக்குப் பதினான்கு நூற்றாண்டு முந்திய புத்தகம் பொறுப்பல்ல, மூலை மேசைக் கிழவர்களும் பொறுப்பல்ல. அந்த யுத்தத்தைப் பற்றி அவர்கள் இரண்டு பேருக்குள்ளேயே ஒற்றுமையில்லை. ஒருநாள் அதில் ஒருவர் அழுததைக் கண்டோம். எங்கள் சனம் யூதரை எப்போதும் உதாரணம் காட்டும். சிதறிய இனம் ஒருநாள் நாடு கண்டது என்பதற்காக மட்டும் காட்டும். நாடில்லாமல் கிடந்த ஆயிரத்தெண்ணூற்றுச் சொச்சம் வருடங்களில் அவர்கள் எதைக் கையில் வைத்திருந்தார்கள் என்று நாம் கேட்டதில்லை. இளையவர் இந்தப் பதிலை முழுதாக ஏற்கவில்லை. அவர் ஏற்கவில்லை என்பதை இங்கே பதிகிறோம்.

மூன்றாவது மறுப்புத்தான் கனமானது. முடிவெடுக்காமல் ஒரு சமூகம் வாழமுடியுமா? எல்லோரும் சரி என்றால் அடுப்பில் சமைப்பதா, விடுவதா? ரபிகள் இதைத் தெளிவாகப் பிரித்தார்கள். ஹில்லேல் கூட்டமும் ஷம்மாய் கூட்டமும் மூன்று வருடம் வாதாடியபோது, இரண்டு பக்கத்துச் சொல்லும் உயிருள்ள கடவுளின் சொல்லே, ஆனால் நடைமுறைச் சட்டம் ஹில்லேலின்படி என்று வானத்துக் குரல் கூறியதாக ஒரு பகுதி உண்டு. காரணம் ஹில்லேல் கூட்டம் கெட்டித்தனமானது என்பதல்ல. அவர்கள் பணிவானவர்கள், எதிர்ப்பக்கத்துக் கருத்தையும் படிப்பித்தார்கள், அதுவும் தங்கள் கருத்துக்கு முன்பாக அதைச் சொன்னார்கள் என்பதாம். பெரும்பான்மையின்படிதான் சட்டம் என்றால் தனியாளின் கருத்தை ஏன் எழுதிவைக்கவேண்டும் என்று மிஷ்னாவே கேட்கிறது. பின்னால் வரும் ஒரு சபை அதில் நியாயம் கண்டால் பிடித்துக்கொள்ள ஒரு கொம்பு வேண்டும் என்பது ஒரு பதில். அப்படியல்ல, நாளைக்கு ஒருவன் வந்து நான் இப்படிக் கேள்விப்பட்டேன் என்றால், நீ கேட்டது இன்னாருடைய தோற்றுப்போன கருத்து என்று சொல்வதற்காக என்பது ரபி யெஹூதாவின் பதில். ஒன்று இரக்கமான காரணம், மற்றது கறாரான காரணம். ஆனால் இரண்டு காரணத்துக்கும் அந்தக் கருத்து, அதைச் சொன்னவன் பெயருடன், எழுத்தில் இருக்கவேண்டும்.

இன்னொன்றும் மிஷ்னாவில் இருக்கிறது. அந்த இரண்டு கூட்டமும் திருமண விதிகளிலும் தீட்டு விதிகளிலும் முரண்பட்டார்கள். ஆனாலும் ஒருவர் வீட்டில் ஒருவர் பெண் எடுப்பதை நிறுத்தவில்லை, ஒருவருடைய பாத்திரத்தை மற்றவர் பாவிப்பதையும் நிறுத்தவில்லை. இதை வாசித்த இரவு நாங்கள் மூவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை.

*

2018 இல் ஊரவர்கள் கூடி நினைவுநாள் ஒன்றை ஒழுங்கு செய்வது பற்றிக் கதைத்தோம். யார் யாருடைய பெயர்களை வாசிப்பது என்று கேள்வி வந்தது. எங்களுடைய நாலாவது ஆள் எழும்பினார். எங்களை விட மூத்தவர். அண்ணை என்றுதான் கூப்பிடுவோம். ஆமியும் குண்டும் கொன்றவர்களின் பெயர்களோடு, எங்கள் ஆட்களே துரோகி என்று சுட்ட ஊரவர்களின் பெயர்களையும் வாசிக்கவேண்டும் என்றார். அவர்களும் செத்தவர்கள்தானே, அவர்களுக்கும் தாய் இருந்தாள்தானே என்றார். தன் தாய்மாமனின் பெயரைச் சொன்னார். மண்டபத்தில் சத்தமில்லை. பிறகு வாக்கெடுப்பு. வேண்டாம் என்று கைகள் உயர்ந்தன. எங்கள் மூன்று பேரின் கைகளும் உயர்ந்தன.

அந்த வாக்கெடுப்பைப் பற்றி இன்னும் எங்களுக்குள் வாதம் இருக்கிறது. அதன் பிறகு நடந்ததைப் பற்றி வாதமில்லை. யாரும் அவரை ஏசவில்லை, போ என்று சொல்லவில்லை. வேலையில் அவர் வந்தால் கதை நின்றது. கொண்டாட்டங்களுக்குச் சொல்லவில்லை. அவருடைய மாமன் எப்படிப்பட்டவர் தெரியுமா என்று முதுகுக்குப் பின்னால் ஒரு வசனம் சுற்றியது. யோகனான் நேரே சொன்னதை நாங்கள் மறைவில் சொன்னோம். அறையில் நான்கு பேருக்கும் பொதுவாக இருந்த சோற்றுச்சட்டியில் சமைப்பது எப்படியோ மூன்று பேருக்கு என்றானது. ஒருநாள் அவர் தனக்கென்று ஒரு சின்னச் சட்டி வாங்கி வந்தார். நாங்கள் கண்டோம், எதுவும் கேட்கவில்லை. நான்கு மாதத்தில் போய்விட்டார். யாரும் கறுப்பு உடுத்துப் போய் நாலு முழம் தள்ளி இருக்கவில்லை. தோழர்கள் விலகுகிறார்கள் என்பதை அவர் சட்டியைப் பார்த்துத் தெரிந்துகொண்டார்.

நாங்கள் யாரையும் சுடவில்லை. ஆனால் சுட்டவர்களின் காலத்திலிருந்து எங்களுக்கு வந்த பழக்கம் ஒன்று எங்கள் கையிலும் இருந்தது என்பதை ஒத்துக்கொள்ளவேண்டும். தோற்ற கருத்தை வைத்திருப்பவன் தோற்ற மனிதன் என்று நினைக்கும் பழக்கம் அது. கருத்தைத் தோற்கடிக்க ஒரு சபைக்கு உரிமையுண்டு. மனிதனைத் தோற்கடிக்க எந்தச் சபைக்கும் உரிமையில்லை. இந்த இரண்டுக்கும் நடுவில் கோடு எங்கே விழுகிறது என்று கேட்டால், எங்களிடம் பெரிய தத்துவமில்லை. சட்டியில்தான் விழுகிறது என்று நினைக்கிறோம். வாக்கெடுப்பு முடிந்த இரவு, தோற்றவனோடு ஒரே சட்டியில் சாப்பிட முடியவில்லை என்றால், நாம் எடுத்தது வாக்கெடுப்பே அல்ல.

எலியேசரின் கடைசி நாள் தல்மூத்தின் வேறோர் இடத்தில் வருகிறது. அவர் சாகக் கிடக்கிறார் என்று கேள்விப்பட்டு அக்கிவாவும் தோழர்களும் போனார்கள். அப்போதும் நாலு முழம் தள்ளியே இருந்தார்கள். ஏன் வந்தீர்கள் என்று கேட்டார். படிக்க வந்தோம் என்றார்கள். இவ்வளவு காலமும் ஏன் வரவில்லை என்று கேட்டார். நேரமில்லை என்றார்கள். தான் கற்றதெல்லாம் யாரும் கேளாமல் தன்னோடு போகிறதே என்று நொந்தார். பிறகு அவர்கள் ஒவ்வொன்றாகச் சந்தேகம் கேட்டார்கள். கடைசியாகச் செருப்புத் தைக்கும் கட்டையின் மேலிருக்கும் செருப்பைப் பற்றிக் கேட்டார்கள். சுத்தம் என்று சொல்லி, அந்தச் சொல்லோடு உயிர் விட்டார். அப்போதுதான் ரபி யோசுவா, அன்று வானத்தையே எதிர்த்து நின்ற அதே யோசுவா, எழுந்து விலக்கம் நீங்கியது என்று அறிவித்தார்.

நேரமில்லை என்ற அந்தப் பதிலை நாங்கள் நன்றாக அறிவோம். றெஸ்ரோறன்றில் வேலை செய்யும் அகதிக்கு அதைவிட உண்மையான பதிலுமில்லை, வசதியான பொய்யுமில்லை.

அண்ணை இப்போது தெற்கே ஒரு நகரத்தில் பேக்கரியில் மா குழைக்கிறாராம். பழைய இலக்கம்தான், மாற்றவில்லை. போன மாதம் எடுத்தோம். யார் முதலில் கதைப்பது என்று எங்களுக்குள் இழுபறி. கடைசியில் மூன்று பேரும் ஒரே நேரத்தில் கதைத்து அவருக்கு ஒன்றும் விளங்கவில்லை. திங்கட்கிழமை எங்களுக்கு லீவு. ரயில் ரிக்கற் எடுத்துவிட்டோம். பெயர்ப் பட்டியல் விடயத்தில் எங்களில் ஒருவர் இப்போது அண்ணையின் பக்கம். மற்ற இருவரும் இன்னும் மாறவில்லை. அங்கே போய் அதையும் சொல்லத்தான் போகிறோம். அன்று மண்டபத்தில் அவர் சொன்னதை எங்களுக்கு ஞாபகமிருக்கும் அளவில் மேலே எழுதியிருக்கிறோம். சொன்னவர் பெயரைப் போடவில்லை. அதை அவரிடம் கேட்டுத்தான் போடவேண்டும்.